ஆனந்த குமாரசுவாமி: கலையில் தாயகம் கண்டவர்

நுழையும்முன்

தந்தை தமிழர், தாய் ஆங்கிலேயர். பிறந்தது கொழும்பில்; வளர்ந்தது இங்கிலாந்தில்; மறைந்தது அமெரிக்காவில். அந்நிய ஆட்சிக்கு உட்பட்ட ஒரு மண்ணின் வழித்தோன்றல், ஆள்வோரின் மொழியிலேயே கற்று, ஆள்வோரின் மொழியிலேயே எழுதி, தம் முன்னோரின் அறிவுச் செல்வத்தை எவ்வாறு மீட்டெடுத்தார்? நிலவியல் அறிஞராகத் தொடங்கி, ஆடல்வல்லான் திருமேனியின் பொருளை உலகுக்கு எடுத்துரைத்த ஒருவரின் வாழ்க்கையை இப்பாடம் கூறுகிறது.

ஆடலும் தீயும்

திருவண்ணாமலையில் கார்த்திகைத் தீபத் திருநாளின் மாலைப்பொழுது. அண்ணாமலையார் கோவிலின் கொடிமரத்தைச் சுற்றிப் பல்லாயிரவர் கூடி நிற்கின்றனர். பகல் மங்கும் வேளையில், அம்மையும் அப்பனும் ஓருருவான அர்த்தநாரீசுவரர் திருமேனி உள்ளிருந்து வெளிப்படுகிறது. தோளில் சுமப்போர் ஆட, திருமேனியும் ஆடுகிறது. சில நிமிடங்களே அக்காட்சி. ஆண்டில் அந்த ஒரு நாள் மட்டுமே அது கிட்டும். அந்நேரத்திலேயே 2668 அடி உயர மலையின் உச்சியில் தீபம் ஏற்றப்படுகிறது. கீழே ஆடல், மேலே தீ.

அவ்வூர் மக்களுக்கு இதன் பொருளை எவரும் விளக்க வேண்டுவதில்லை. ஆண்டுதோறும் கண்டு பழகிய காட்சி அது. ஆயினும், நூறு ஆண்டுகளுக்கு முன் இந்தியாவை ஆண்டவர்களின் நாட்டிலிருந்து வந்த ஒருவர் இத்தகைய திருமேனியைக் கண்டபோது என்ன எண்ணினார்? நான்கு கைகள் உடைய உருவத்தை இயற்கைக்கு மாறானது என்றனர் பலர். வரலாற்றுச் சான்றாகக் கொள்ளலாமேயன்றிக் கலைப்பொருளாகக் கொள்ளலாகாது என்றனர் சிலர். ஆங்கிலக் கல்வி பெற்ற இந்தியர் பலரும் அதனையே நம்பினர். தம் வீட்டுக்கு அருகிலுள்ள கோவிலைப் பற்றிப் பிறர் சொல்லிக் கேட்டு வெட்கமுறும் நிலை அது. அந்நிலையை மாற்றியவர்களுள் முதன்மையானவர் ஆனந்த குமாரசுவாமி.

பெயரில் இரண்டு உலகங்கள்

ஆனந்த கென்டிசு குமாரசுவாமி 1877ஆம் ஆண்டு ஆகத்து 22ஆம் நாள் கொழும்பில் பிறந்தார். அவர் பெயரையே சற்று நின்று நோக்குதல் தகும். ஆனந்தர், புத்தரின் அணுக்கத் தொண்டர். கென்டு, தாயார் எலிசபெத் கிளே பீபியின் ஊர் அமைந்த ஆங்கில மாவட்டம். குமாரசுவாமி, யாழ்ப்பாணத் தமிழ்க் குடும்பத்தின் வழிவந்த முருகன் பெயர். மூன்று சமய மரபுகளும் இரண்டு நாடுகளும் ஒரு குழந்தையின் பெயரில் கூடியிருந்தன. பின்னாளில் அவர் ஆற்றிய பணியின் பரப்பும் ஏறத்தாழ அதுவே.

தந்தை சர் முத்துக் குமாரசுவாமி இலங்கைச் சட்டமன்றத்தில் உறுப்பினர். 1863ஆம் ஆண்டு இலண்டன் லிங்கன்சு இன்னில் வழக்கறிஞராக ஏற்கப்பட்டார். அச்சிறப்பினைப் பெற்ற முதல் இந்து அவரே. அதே ஆண்டில் அரிச்சந்திரன் நாடகத்தைத் தமிழிலிருந்து ஆங்கிலத்தில் பெயர்த்து வெளியிட்டார். பாலிமொழிப் பௌத்த நூல்களையும் ஆங்கிலமாக்கினார். சைவக் குடும்பத்தினர் பௌத்த நூலை மொழிபெயர்த்தது மட்டுமன்றித் தம் மகனுக்குப் புத்தரின் தொண்டர் பெயரையே சூட்டினார் என்பது அவருடைய உள்ளப் பரப்பைக் காட்டும்.

சர் முத்துக் குமாரசுவாமியின் தமக்கையார் வழி மருகர் இருவர் இலங்கை வரலாற்றில் பெரும் பெயர் பெற்றனர். ஒருவர் பொன்னம்பலம் இராமநாதன்; மற்றொருவர் பொன்னம்பலம் அருணாசலம். பொன்னம்பலம் என்பது தில்லையில் இறைவன் ஆடும் மன்றத்தைக் குறிக்கும். அருணாசலம் என்பது திருவண்ணாமலை. தமிழகத்துக் கோவில்களின் பெயர்களைக் கடல் கடந்து சென்றோர் தம் மக்களுக்கு இட்டு வழங்கினர். வரைபடத்தில் எங்கிருந்தாலும் அவர்கள் உள்ளத்தில் வாழ்ந்த ஊர் எது என்பதற்கு இதனினும் சான்று வேண்டா. அத்தை மைந்தராகிய அருணாசலமும் மாமன் மகனாகிய ஆனந்தரும் பின்னாளில் பொலன்னறுவையில் கிடைத்த சிவவடிவச் செப்புத் திருமேனிகளைப் பற்றித் தனித்தனியே எழுதினர்.

தந்தையின் அரவணைப்பை ஆனந்தர் அறிந்திலர். தாயும் குழந்தையும் இங்கிலாந்துக்குச் சென்றிருந்தனர். அவர்களிடம் செல்லக் கப்பலேற இருந்த நாளிலேயே, 1879ஆம் ஆண்டு மே மாதம், முத்துக் குமாரசுவாமி கொழும்பில் காலமானார். குழந்தைக்கு அப்போது இரண்டு வயதும் நிரம்பவில்லை. தாய் இங்கிலாந்திலேயே தங்கி மகனை வளர்த்தார். தமிழ் அவருக்குத் தாலாட்டு மொழியாக வாய்க்கவில்லை. கிளாசுடர்சயரில் உள்ள வைக்கிளிஃப் பள்ளியில் பயின்று, இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் நிலவியலிலும் தாவரவியலிலும் 1900ஆம் ஆண்டு பட்டம் பெற்றார். அதுவரையில் அவர் ஓர் ஆங்கில இளைஞர் என்றே சொல்லலாம். நிறமும் பெயரும் மட்டும் வேறு.

பாறைகளைத் தேடி வந்தவர்

1903ஆம் ஆண்டு இலங்கைக் கனிம அளவாய்வுத் துறையின் இயக்குநராக ஆனந்தர் பொறுப்பேற்றார். அப்போது அவருக்கு அகவை 26 நிரம்பவில்லை. காடும் மலையும் ஆற்றுப்படுகையும் அலைந்து கற்களைத் திரட்டினார். 1904ஆம் ஆண்டு அவர் கண்டறிந்த கரிய, எடைமிகுந்த கனிமம் ஒன்று இலண்டனில் ஆராயப்பட்டு, தோரியம் மிகுதியாகக் கொண்ட புதிய கனிமமெனத் தெளியப்பட்டது. தோரியனைட்டு என்று அதற்குப் பெயரிடப்பட்டது. கதிரியக்கம் குறித்த ஆய்வுகள் அரும்பத் தொடங்கியிருந்த காலத்தில் அது அறிவுலகின் கவனத்தை ஈர்த்தது. 1906ஆம் ஆண்டு இலண்டன் பல்கலைக்கழகம் அவருக்கு அறிவியலில் முனைவர் பட்டம் வழங்கியது. அவ்வழியிலேயே தொடர்ந்திருந்தால் புகழ்மிக்க நிலவியல் அறிஞராகவே அவர் அறியப்பட்டிருப்பார்.

ஆனால், பாறையைத் தேடிச் சென்ற ஊர்களில் அவர் மனிதர்களைக் கண்டார். கண்டிநாட்டுச் சிற்றூர்களில் பொற்கொல்லரும் தச்சரும் ஓவியரும் நெசவாளரும் வழிவழிவந்த தொழிலைக் கைவிட்டுக் கொண்டிருந்தனர். கண்டி அரசு 1815ஆம் ஆண்டு ஆங்கிலேயர் கைக்குச் சென்றதோடு கைவினைஞரைப் புரந்த அரசவை மறைந்தது. நிலமானியமாகப் பெற்றிருந்த உரிமைகள் குலைந்தன. கடல்வழி வந்த மலிவான ஆலைப்பொருள்கள் சந்தையை நிறைத்தன. கோவில் சுவர் ஓவியங்கள் உதிர்ந்து கொண்டிருந்தன. அவற்றைச் செப்பனிட வேண்டியவர்களோ தங்கள் மேலைநாட்டு உடையின் மடிப்புக் குலையாமல் காப்பதில் முனைந்திருந்தனர்.

இக்காட்சி அவரை உலுக்கியது. மேலைநாட்டு உடையைக் கண்மூடிப் பின்பற்றும் போக்கைக் கண்டித்து 1905ஆம் ஆண்டு சிறுநூலொன்று வெளியிட்டார். பழஞ்சின்னங்களைப் பேணுமாறு கண்டித் தலைவர்களுக்கு வெளிப்படையான மடல் எழுதினார். இலங்கைச் சமூகச் சீர்திருத்தச் சங்கம் தோன்றுவதற்கு முன்னின்று உழைத்தார். அதன் இதழையும் நடத்தினார். தாய்மொழிவழிக் கல்வி வேண்டும் என்று அவ்விதழில் வாதிட்டார். ஆங்கிலக் கல்வி ஒரே தலைமுறையில் ஒரு மக்களை அவர்தம் மரபிலிருந்து அறுத்துவிட வல்லது என்பது அவர் கொண்ட முடிவு. அவ்வாறு அறுக்கப்பட்டவன் கிழக்குக்கும் உரியவனல்லன். மேற்கும் அவனை ஏற்பதில்லை. இதனை எழுதியவர் தாமே அந்த அறுபட்ட தலைமுறையைச் சேர்ந்தவர் என்பதை நினைவிற்கொள்ள வேண்டும். பிறரைக் குறை கூறுவதாகத் தோன்றும் அவ்வெழுத்து, உண்மையில் தம்மை நோக்கியே அவர் தொடுத்த வினா.

அவர் மனைவி எத்தல் ஒளிப்படம் எடுப்பதில் தேர்ந்தவர். இருவரும் ஊர் ஊராகச் சென்று திரட்டிய செய்திகளும் படங்களும் 'இடைக்காலச் சிங்களக் கலை' என்னும் பெருநூலாக 1908ஆம் ஆண்டு வெளிவந்தன. அந்நூல் உருவான முறை சொல்லத்தக்கது. இங்கிலாந்தில் பிராடு கேம்டன் என்னும் சிற்றூரில் பழைய தேவாலயம் ஒன்றைச் சீரமைத்து அவர்கள் இல்லமாகக் கொண்டிருந்தனர். ஆலைத்தொழிலின் அழகற்ற தன்மையை எதிர்த்துக் கைத்தொழிலின் மாண்பைப் பேசிய ஆங்கிலக் கவிஞர் வில்லியம் மோரிசு பயன்படுத்திய அச்சுப்பொறி அங்கே இருந்தது. அதில், கையாலேயே, ஓராண்டுக்கும் மேலாக உழைத்து 425 படிகள் மட்டும் அச்சிட்டனர். கைவினைஞரின் பெருமை கூறும் நூல் கைவினைப் பொருளாகவே பிறந்தது.

அவமதிப்பும் மறுமொழியும்

1910ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இலண்டன் கலைக் கழகமொன்றின் கூட்டம் நடைபெற்றது. சென்னையிலும் கல்கத்தாவிலும் கலைப்பள்ளித் தலைவராக இருந்த ஈ. பி. ஹேவல் இந்தியக் கலையைப் பாராட்டிப் பேசினார். தலைமை தாங்கிய சர் ஜார்ஜ் பேர்டுவுடு அதனை மறுத்தார். அவர் இந்தியாவில் நெடுங்காலம் பணியாற்றியவர். இந்தியக் கைத்தொழில்களை விரும்பிப் போற்றியவர். ஆயினும், இந்தியாவில் உயர்கலை என ஒன்று இல்லை என்றே அவர் கருதினார். தவநிலையில் அமர்ந்த புத்தர் திருவுருவைக் கொழுப்பிட்டு அவித்த களியோடு ஒப்பிட்டார். அச்சொல் பெருஞ்சினத்தை எழுப்பியது. ஓவியர் வில்லியம் ரோதன்சுடைன் உள்ளிட்ட பதின்மூவர் அதனை மறுத்து இலண்டன் நாளிதழில் கையொப்பமிட்டனர். அதனையொட்டி இந்தியக் கழகம் என்னும் அமைப்பு தோன்றியது. அதனை நிறுவியவர்களுள் ஆனந்தரும் ஒருவர்.

சினம் கொள்வது எளிது. புத்தர் வடிவம் ஏன் அவ்வாறு அமைந்துள்ளது, நரம்பும் தசையும் காட்டாத அம்மேனி எதனைக் காட்ட முயல்கிறது என்று விளக்குவதே கடினம். ஆனந்தர் கடினமானதையே மேற்கொண்டார். அதற்கு அவருக்கு முதலில் இந்தியா தேவைப்பட்டது.

வங்கத்தில் தாகூர் குடும்பத்தாருடன் நெருங்கிப் பழகினார். 1910–11ஆம் ஆண்டுகளில் அலகாபாத்தில் நடைபெற்ற பெரும் பொருட்காட்சியில் கலைப்பகுதியை அமைக்கும் பொறுப்பை ஏற்றார். அதனையொட்டி வட இந்திய ஊர்களில் அலைந்து, அதுவரை மதிப்பாரற்றுக் கிடந்த இராசபுத்திர ஓவியங்களைத் திரட்டினார். முகலாய ஓவியத்தினின்று வேறுபட்ட தனிமரபு அது என்பதை 1916ஆம் ஆண்டு வெளிவந்த நூலால் நிறுவினார். சகோதரி நிவேதிதை தொடங்கி முடிக்காமல் மறைந்த புராணக்கதை நூலை நிறைவுசெய்து 1913ஆம் ஆண்டு வெளிவரச் செய்தார்.

அது சுதேசி இயக்கம் வீறுகொண்டிருந்த காலம். ஆனந்தர் அதனை ஆதரித்தார். அதனோடு முரண்படவும் செய்தார். சென்னைக் கணேசு நிறுவனம் 1912ஆம் ஆண்டு வெளியிட்ட 'கலையும் சுதேசியும்' என்னும் நூலில் அம்முரண்பாட்டைக் காணலாம். மான்செசுடர் ஆலைத்துணியை எரித்துவிட்டுப் பம்பாய் ஆலைத்துணியை உடுத்துவதோடு சுதேசி முடிந்துவிடுமா? நம் நெசவாளரின் தறி இரண்டிடத்தும் ஓய்ந்துதானே போகிறது? பொருளாதாரக் கணக்காக மட்டும் சுதேசியைக் கண்டவர்களுக்கு இவ்வினாக்கள் உவப்பாக இல்லை. நாட்டின் விடுதலை என்பது ஆட்சியாளரின் நிறம் மாறுவது மட்டுமன்று. மக்களின் அழகுணர்வும் சிந்தனையும் தம்முடையவாதல் வேண்டும் என்பது அவர் கோட்பாடு. பின்னாளில் ஆலைத்தொழில் கடந்த சமுதாயம் என்னும் கருத்தாக்கத்தை அறிமுகப்படுத்தியவர்களுள் ஒருவராக அவர் குறிக்கப்படுவதும் இச்சிந்தனையின் தொடர்ச்சியே.

சித்தாந்த தீபிகையில் ஒரு கட்டுரை

சென்னையிலிருந்து சித்தாந்த தீபிகை என்னும் ஆங்கிலத் திங்களிதழ் வெளிவந்து கொண்டிருந்தது. சிவஞானபோதத்தை ஆங்கிலத்தில் பெயர்த்த ஜே. எம். நல்லசாமிப் பிள்ளை 1897ஆம் ஆண்டு தொடங்கிய இதழ் அது. தமிழ்ச் சைவ நூல்களின் மொழிபெயர்ப்புகள் அவ்விதழ்வழி உலகறிஞரைச் சென்றடைந்தன. 1912ஆம் ஆண்டு அதில் ஆனந்தர் எழுதிய 'சிவ நடனம்' என்னும் கட்டுரை வெளியாயிற்று. சில பக்கங்களே கொண்ட அக்கட்டுரை, ஓர் உருவத்தைப் பற்றிய உலகின் பார்வையையே மாற்றிவிட்டது.

அவர் செய்தது யாது? ஆடல்வல்லான் திருமேனியைக் கிரேக்கச் சிலைகளோடு ஒப்பிட்டு இதுவும் அதற்குச் சளைத்ததன்று என்று அவர் வாதிடவில்லை. அவ்வாறு வாதிடுவது பிறர் அளவுகோலை ஏற்றுக்கொள்வதாகும். மாறாக, அத்திருமேனியைப் படைத்தவர்கள் எந்நூல்களைப் பயின்றனரோ அந்நூல்களையே சான்றாகக் கொண்டார். திருமூலரின் திருமந்திரம், மாணிக்கவாசகரின் திருவாசகம், திருவதிகை மனவாசகங்கடந்தாரின் உண்மை விளக்கம் முதலியவற்றை ஆங்கில மொழிபெயர்ப்புகளின் துணையால் அணுகினார். தமிழ்ச் சிற்பத்துக்குத் தமிழ் நூலே உரை என்று கண்டதே அவருடைய பெருங்கண்டுபிடிப்பு. தோரியனைட்டைவிட இதனையே நாம் பெரிதெனக் கொள்வோம்.

உண்மை விளக்கம் காட்டும் பொருளை அவர் இவ்வாறு எடுத்துரைத்தார். துடி ஏந்திய கை படைத்தலைக் குறிக்கும். அஞ்சேல் என அமைத்த கை காத்தலைக் குறிக்கும். தீ ஏந்திய கை அழித்தலைக் குறிக்கும். முயலகன்மேல் ஊன்றிய திருவடி மறைத்தலையும், தூக்கிய திருவடி அருளலையும் உணர்த்தும். ஐந்தொழிலும் ஒரே உருவில், ஒரே கணத்தில் நிகழ்கின்றன. நான்கு கைகள் எதற்கு என்னும் வினாவுக்கு இதுவே விடை. தீ எதனை எரிக்கிறது என்பதற்கும் சித்தாந்தம் விடை வைத்திருந்தது. உயிரைப் பற்றிய கட்டுகளையே அது எரிக்கிறது. தில்லை மன்றம் எங்குளது எனில், உலகின் நடுவாகிய ஒவ்வோர் உள்ளத்திலும் உளது.

திருவதிகையும், மெய்கண்டார் வாழ்ந்த திருவெண்ணெய்நல்லூரும், திருவண்ணாமலையும் பாடல்பெற்ற நடுநாட்டுத் தலங்கள். மாணிக்கவாசகர் திருவெம்பாவையை அருளியது திருவண்ணாமலையில் என்பது மரபு. நடுநாட்டுச் சிற்றூர்களில் ஏட்டில் எழுதப்பெற்ற சிந்தனை, ஆங்கிலத் தாயின் மகன் ஒருவர்வழி இலண்டனுக்கும் பாரிசுக்கும் நியூயார்க்குக்கும் சென்றது. அக்கட்டுரையையும் வேறு பதின்மூன்று கட்டுரைகளையும் உள்ளடக்கிய நூல் 1918ஆம் ஆண்டு நியூயார்க்கில் வெளிவந்தது. சென்னை அருங்காட்சியகத்து ஆடல்வல்லானின் ஒளிப்படங்களைக் கண்டு வியந்து பிரெஞ்சுச் சிற்பி ரொதேன் எழுதிய குறிப்புகளும், ஆனந்தர், ஹேவல் ஆகியோரின் எழுத்துகளும் ஒரே தொகுதியாக 1921ஆம் ஆண்டு அச்சேறின. சுவிட்சர்லாந்தில் அணுத்துகள் ஆய்வு நடைபெறும் செர்ன் நிறுவன வளாகத்தில் 2004ஆம் ஆண்டு இந்திய அரசு ஆடல்வல்லான் திருமேனி ஒன்றை வழங்கி நிறுவியது. அதனருகே உள்ள பலகையில் ஆனந்தரின் கருத்தும் பொறிக்கப்பட்டுள்ளது. தோரியம் தேடியவரின் சொல் அங்கே இடம்பெற்றது பொருத்தமே.

விலைபோகாத அன்பளிப்பு

திரட்டிய ஓவியங்களை ஆனந்தர் தமக்கென வைத்துக்கொள்ள விரும்பவில்லை. காசியில் தேசிய அருங்காட்சியகம் ஒன்று எழுப்பப்படுமாயின் தம் தொகுப்பு முழுவதையும் வழங்க முன்வந்தார். கட்டடத்துக்கு வேண்டிய பொருள் திரளவில்லை. செல்வர் பலர் இருந்த நாடுதான். எனினும், தம் பாட்டனார் வீட்டுப் பரணிலும் கிடந்திருக்கக்கூடிய ஓவியங்களுக்காக மாளிகை எழுப்புவானேன் என்று அவர்கள் எண்ணியிருக்கக்கூடும்.

அந்நிலையில் முதல் உலகப்போர் மூண்டது. இந்தியாவுக்கு விடுதலை வழங்காத பேரரசின் படையில் சேர்ந்து போரிட ஆனந்தர் மறுத்தார். அம்மறுப்பினால் இங்கிலாந்தில் அவர் வாழ்வு இயலாததாயிற்று, அமெரிக்கா சென்றார். பாசுடன் நுண்கலை அருங்காட்சியகத்தின் புரவலர் டென்மன் ராசு அவ்வோவியத் தொகுப்பை வாங்கி அருங்காட்சியகத்துக்கு அளித்தார். 1917ஆம் ஆண்டு அதன் இந்தியப் பிரிவின் காப்பாளராக ஆனந்தர் அமர்த்தப்பட்டார். அமெரிக்க அருங்காட்சியகம் ஒன்றில் இந்தியக் கலைக்கெனப் பொறுப்பேற்ற முதல் அறிஞர் அவர். ஓவியங்கள் பாதுகாப்பான இடத்தைச் சேர்ந்தன. ஆனால், அவற்றைக் காண இந்திய மாணவர் கடல் கடக்க வேண்டியதாயிற்று. இதற்குக் குற்றம் யாரிடம் என்பதை வகுப்பில் விவாதிக்கலாம்.

பாசுடனில் அவர் வாழ்ந்தது முப்பது ஆண்டுகள். நந்திகேசுவரரின் அபிநய தர்ப்பணத்தைத் துக்கிராலா கோபாலகிருட்டிணய்யாவுடன் இணைந்து 1917ஆம் ஆண்டு ஆங்கிலத்தில் வெளியிட்டார். அத்துணைவர் பின்னாளில் ஆந்திரத்தில் சீராலாப் போராட்டத்தைத் தலைமையேற்று நடத்தியவர். 1927ஆம் ஆண்டு இந்திய, இந்தோனேசியக் கலை வரலாற்றை எழுதினார். அதே காலத்தில், புத்தர் உருவத்தை முதலில் வடித்தவர்கள் கிரேக்கச் செல்வாக்குப் பெற்ற காந்தாரச் சிற்பிகளே என்று பிரெஞ்சு அறிஞர் பூஷே நிறுவியிருந்த கொள்கையை எதிர்கொண்டார். மதுரா நகரின் பழைய இயக்கர் சிலைகளிலிருந்தே புத்தர் உருவம் வளர்ந்திருக்க இயலும் என்பதைச் சான்றுகளோடு காட்டினார். எதிர்த்தவரை வசைபாடாமல் சான்றுகளைக் கொண்டே அவ்வாதத்தை நடத்தினார். ஒளிப்படமும் கலையே என்று கருதிய அவர், ஆல்பிரடு சுடீகிலிட்சின் ஒளிப்படங்கள் 1924ஆம் ஆண்டு அவ்வருங்காட்சியகத்தில் இடம்பெறவும் வழிசெய்தார்.

ஐம்பது அகவையைக் கடந்தபின் அவர் எழுத்து திசைமாறியது. சிலையின் காலத்தைக் கணிப்பதைவிட அதன் பின்னுள்ள மெய்யியலை அறிவதே தலையாயது எனக் கருதினார். உபநிடதங்களையும் பிளேட்டோவையும் செருமானிய ஞானி எக்கார்ட்டையும் பௌத்த நூல்களையும் அருகருகே வைத்துக் கற்றார். கிழக்கும் மேற்கும் ஒருகாலத்தில் ஒரே உண்மையை வேறுவேறு மொழிகளில் பேசின. ஆலைத்தொழில் உலகமே அவ்விரண்டையும் மறந்தது என்று முடிவு செய்தார். இளமையில் தாயின் நாட்டை எதிர்த்துத் தந்தையின் நாட்டுக்காக வாதிட்டவர், முதுமையில் இரு நாட்டு முன்னோரையும் ஒரே அவையில் அமர்த்தினார்.

அவர் கருத்துகள் அனைத்தும் ஏற்கத்தக்கன அல்ல. பழைய சமுதாய அமைப்பில் ஒவ்வொருவருக்கும் பிறப்பு வழியே தொழிலும் இடமும் இருந்தன என்பதை அவர் ஒழுங்கு எனப் போற்றினார். அவ்வமைப்பு யாரை வாயிலுக்கு வெளியே நிறுத்தியது என்பதை அவர் எழுத்து போதிய அளவு கேட்கவில்லை. சிற்பியின் உளியை அவர் கண்ட அளவுக்கு, அச்சிற்பம் இருந்த கோவிலுக்குள் நுழைய மறுக்கப்பட்டோரின் துயரை அவர் கண்டாரில்லை. ஆலையை வெறுத்தவர்க்குச் சிற்றூர் பொன்னுலகமாகத் தோன்றுவது இயல்பு. அச்சிற்றூரின் சேரியில் பிறந்தவர்க்கு அவ்வாறு தோன்றாது. அவரைக் கற்கும் நாம் இதனையும் உடன்வைத்தே கற்க வேண்டும்.

பிற தீவுகளில் எழுந்த குரல்கள்

ஆனந்தர் எழுப்பிய வினா இலங்கைக்கு மட்டும் உரியதன்று. உலகின் மறுபுறத்தில், கரிபியன் கடல் தீவுகளிலும் அது எழுந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகவும், பின்னர் இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாகவும் கொண்டுசெல்லப்பட்டோரின் வழித்தோன்றல்கள் அங்கு வாழ்கின்றனர். மார்த்தினிக்குத் தீவில் பிறந்த எமே செசேரும் பிரான்சு ஃபனோனும், பார்படோசில் பிறந்த ஜார்ஜ் லாமிங்கும் ஆள்வோரின் மொழியில் எழுதிக்கொண்டே ஆள்வோர் ஏற்படுத்திய தாழ்வுணர்ச்சியை ஆராய்ந்தனர். செயின்ட் லூசியாவின் கவிஞர் டெரக் வால்காட்டு ஆப்பிரிக்க, ஐரோப்பியக் குருதி இரண்டும் கலந்தவர். 1992ஆம் ஆண்டு நோபல் பரிசு பெற்றபோது அவர் ஆற்றிய உரை, திரினிடாடுத் தீவின் ஃபெலிசிட்டி என்னும் சிற்றூரில் இந்திய வழியினர் நடத்திய இராமலீலைக் காட்சியோடு தொடங்குகிறது. அவர்களுக்கும் ஆனந்தருக்கும் ஒரு வேறுபாடு உண்டு. அடிமை வணிகம் அறுத்த வேரை அவர்கள் சிதறிய துண்டுகளிலிருந்து புதிதாகப் படைக்க வேண்டியிருந்தது. ஆனந்தருக்கோ நூல்களும் திருமேனிகளும் உயிருள்ள கைவினைஞரும் காத்திருந்தனர். பார்க்கும் கண் மட்டுமே தேவைப்பட்டது.

இறுதி நாள்கள்

1947ஆம் ஆண்டு ஆகத்து 15ஆம் நாள் இந்தியா விடுதலை பெற்றது. ஒரு வாரம் கழித்து ஆனந்தருக்கு எழுபது அகவை நிரம்பியது. நண்பர்கள் பாசுடனில் விருந்தளித்துப் பாராட்டினர். மறு ஆண்டில் பணி ஓய்வு பெற்று, மனைவி லூயிசாவுடன் இந்தியா திரும்பி, இமயமலைச் சாரலில் அமைதியாக வாழப்போவதாக அவர் அங்கு அறிவித்தார். அவ்விருப்பம் நிறைவேறவில்லை. 1947ஆம் ஆண்டு செப்டம்பர் 9ஆம் நாள், பாசுடனுக்கு அருகிலுள்ள நீடாம் என்னும் ஊரில், தம் இல்லத்தில் மறைந்தார். அவர் பிறந்த இலங்கை விடுதலை அடைய அப்போது ஐந்து மாதங்கள் இருந்தன.

தம் வாழ்க்கை வரலாற்றை எவரும் எழுதுவதை அவர் விரும்பியதில்லை. பழங்காலச் சிற்பிகள் தம் பெயரைச் சிலையில் பொறிக்கவில்லை. செய்த பணியே போதும், செய்தவன் வரலாறு வேண்டா என்பது அவர் எண்ணம். மனித உருவைப் புகழ்ந்து தீட்டுவது விண்ணுலகுக்கு இட்டுச்செல்லாது என்னும் பழைய சிற்பநூல் கருத்தையும் இதற்குத் துணையாகக் காட்டினார். மலாயாவில் ஆசிரியராக இருந்த ஈழத்தமிழர் எஸ். துரைராஜ சிங்கம் செய்தி கேட்டு மடல் எழுதியபோதும் இம்மறுப்பையே விடையாகப் பெற்றார். ஆயினும் அவர் விடவில்லை. பல பத்தாண்டுகள் தம் கைப்பொருளைச் செலவிட்டு, ஆனந்தரைப் பற்றிய கடிதங்களையும் நினைவுகளையும் படங்களையும் திரட்டி, 1974ஆம் ஆண்டு பெருந்தொகுப்பாக வெளியிட்டார். இன்று ஆனந்தரின் வாழ்க்கையை எழுத அமரும் எவரும் முதலில் புரட்ட வேண்டிய ஏடுகளுள் அத்தொகுப்பும் ஒன்று.